காலடித் தடமே காட்டிக் கொடுக்கும்!

உலகத்திலேயே பெரிய ராணுவங்களில் ஒன்று தன் முகாம்களை ரகசியமாக வைத்துக் கொள்ளக் கோடி கோடியாகச் செலவு செய்கிறது. முள்வேலி போடுகிறது. காவல் கோபுரம் கட்டுகிறது. படம் எடுக்கத் தடை விதிக்கிறது. அப்படிப்பட்ட முகாம்கள் இருக்கும் இடம், 20 வயதுக் கல்லூரி மாணவர் ஒருவரின் கண்ணில் வெட்டவெளிச்சமாகப் பட்டுவிட்டது!

அந்த மாணவர் ஒற்றர் அல்ல. வேலி தாண்டிப் போகவில்லை. யாருக்கும் லஞ்சம் கொடுக்கவில்லை. எல்லோரும் பார்க்கட்டும் என்று ஒரு கம்பெனி வெளியிட்டிருந்த வரைபடத்தை அவரும் பார்த்தார். அவ்வளவுதான்.

அவர் பெயர் நேதன் ரூசர். ஆஸ்திரேலியர். இது நடந்தது 2018 ஜனவரியில்.

அந்த வரைபடத்தை வரைந்தது யார்? அதுதான் வேடிக்கை. முகாமில் காவல் இருந்த சிப்பாய்களே வரைந்தார்கள். கையால் அல்ல, காலால்!

உடம்பு கெட்டியாக இருக்க வேண்டும் என்று அவர்கள் தினமும் ஓடினார்கள். ஓடும்போது கையில் ஒரு கடிகாரம் கட்டியிருந்தார்கள். அவர்கள் கால் வைத்த இடத்தையெல்லாம் அந்தக் கடிகாரம் குறித்து வைத்தது. குறித்ததைக் கம்பெனிக்கு அனுப்பியது. கம்பெனி அதை உலகத்துக்குக் காட்டியது.

தவளை தன் வாயால் கெடும் என்பது பழமொழி. இந்தக் காலத்தில் மனிதன் தன் காலாலும் கெடுகிறான்.

இருட்டில் எரிந்த விளக்கு

அந்தக் கம்பெனியின் பெயர் ஸ்ட்ராவா. 2009-ம் ஆண்டு அமெரிக்காவில் தொடங்கப்பட்டது. "முயற்சி செய்" என்ற பொருள் உள்ள ஸ்வீடன் நாட்டுச் சொல்லைப் பெயராக வைத்துக் கொண்டது. ஓடுகிறவர்கள், நடக்கிறவர்கள், சைக்கிள் ஓட்டுகிறவர்கள், மலை ஏறுகிறவர்கள் எல்லோரும் இதன் செயலியைச் செல்போனில் வைத்துக் கொள்ளலாம். இன்றைக்கு எத்தனை மைல் ஓடினோம், எந்தப் பாதையில் ஓடினோம், எவ்வளவு நேரம் ஆயிற்று என்று அது கணக்குச் சொல்லும். நண்பர்கள் அதைப் பார்த்து "சபாஷ்" போடுவார்கள். நல்ல ஏற்பாடுதான்.

2017 நவம்பரில் இந்தக் கம்பெனி உலக வரைபடம் ஒன்றை வெளியிட்டது. அதன் உறுப்பினர்கள் பதிவு செய்த 100 கோடி ஓட்டங்களும் சவாரிகளும் அந்தப் படத்துக்குள் அடங்கியிருந்தன. 3 லட்சம் கோடி இடக் குறிப்புகளைச் சேர்த்துத் தயாரித்தது அது. எங்கே அதிகம் பேர் ஓடுகிறார்களோ அங்கே வெளிச்சம் அதிகம். யாருமே ஓடாத இடம் இருட்டு. யார் பெயரும் அதில் இல்லை. பெயர் இல்லாததால் ஆபத்து இல்லை என்று கம்பெனி நினைத்தது.

லண்டனிலும் நியூயார்க்கிலும் ஆபத்து இல்லைதான். அங்கே தெருவெல்லாம் வெளிச்சம். ஆயிரம் விளக்கு எரிகிற இடத்தில் ஒரு விளக்கைத் தனியாகக் கண்டுபிடிக்க முடியாது. ஆனால் சிரியாவின் பாலைவனத்தில்? ஆப்கானிஸ்தானத்தின் மலைகளில்? அங்கே உள்ளூர் மக்களில் எத்தனை பேர் விலை உயர்ந்த கடிகாரம் கட்டிக் கொண்டு ஓடுகிறார்கள்? படம் முழுவதும் கும்மிருட்டு. அந்த இருட்டின் நடுவே ஒரு சதுரம் மட்டும் பளிச்சென்று மின்னியது. சதுரத்துக்குள் சிறு சிறு பாதைகள். சுற்றிச் சுற்றி ஓடிய வட்டங்கள்.

அது அமெரிக்க ராணுவ முகாம்! எந்தப் பாதையில் சிப்பாய்கள் நடமாடுகிறார்கள் என்பதையும் படம் காட்டிவிட்டது.

கம்பெனி பிறகு விழித்துக் கொண்டது. 2018 மார்ச்சில் வரைபடத்தைத் திருத்தியது. தெருவளவு நுணுக்கமான விவரங்களைப் பதிவு செய்த உறுப்பினர்கள் மட்டுமே பார்க்கலாம் என்று வரையறை செய்தது. ஆட்கள் அதிகம் போகாத பாதைகளை மறைத்தது. அமெரிக்க ராணுவ இலாகாவும் 2018 ஆகஸ்டில் உத்தரவு போட்டது: போர் முனைகளில் இருக்கும் வீரர்கள் இடம் காட்டும் வசதியை உபயோகிக்கக் கூடாது.

ராணுவத்துக்கு உத்தரவு போட ஒரு இலாகா இருக்கிறது. கடற்கரையில் நடக்கப் போகிற சாமானியருக்கு உத்தரவு போட யார் இருக்கிறார்கள்?

வானம் காட்டிக் கொடுப்பதில்லை

இங்கே ஒரு தவறான எண்ணத்தைப் போக்கிவிட வேண்டும். "மேலே சுற்றுகிற செயற்கைக் கோள் எல்லோரையும் வேவு பார்க்கிறது" என்று பலர் நினைக்கிறார்கள். அது உண்மையல்ல.

ஜி.பி.எஸ். என்பது அமெரிக்காவின் ஏற்பாடு. சுமார் 30 செயற்கைக் கோள்கள் பூமிக்கு மேலே ஏறத்தாழ 20,200 கிலோ மீட்டர் உயரத்தில் சுற்றி வருகின்றன. ஒவ்வொன்றும் "நான் இங்கே இருக்கிறேன், மணி இத்தனை" என்று ஓயாமல் அறிவித்துக் கொண்டே இருக்கிறது. கையில் உள்ள கடிகாரமோ செல்போனோ அந்த அறிவிப்பைக் கேட்கிறது. நான்கு கோள்களின் அறிவிப்பு கிடைத்தால் போதும். தான் எங்கே இருக்கிறோம் என்று அது கணக்குப் போட்டுக் கொள்ளும்.

கோவில் மணி ஓசையைக் கேட்டு, கோவில் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று வழிப்போக்கன் தெரிந்து கொள்கிறான். வழிப்போக்கன் எங்கே இருக்கிறான் என்பது மணிக்குத் தெரியாது. அதைப் போலத்தான் இதுவும். செயற்கைக் கோளுக்கு எதுவும் தெரியாது.

அப்படியானால் ரகசியம் எங்கே கசிகிறது? கடிகாரம் தான் போட்ட கணக்கைச் செல்போனுக்குச் சொல்கிறது. செல்போன் அதைக் கம்பெனிக்கு அனுப்புகிறது. கம்பெனி அதை ஊருக்குக் காட்டுகிறது. கசிவு வானத்தில் இல்லை, பூமியில்தான் இருக்கிறது. ஆகையால் அடைக்கவும் முடியும். இதை மனத்தில் வைத்துக் கொண்டால் மேலே சொல்லப் போகும் சங்கதிகள் எளிதில் விளங்கும்.

முகாமிலிருந்து வீட்டு வாசல் வரை

ஸ்ட்ராவா வரைபடத்திலாவது பெயர் இல்லை. அதே 2018-ம் ஆண்டு ஜூலையில் இன்னொரு குட்டு வெளிப்பட்டது. இதில் பெயரே கிடைத்தது.

போலார் என்பது பின்லாந்து நாட்டுக் கம்பெனி. உடற்பயிற்சிக் கடிகாரம் செய்கிறது. அதன் உறுப்பினர்கள் 2014 முதல் ஓடிய ஓட்டங்களையெல்லாம் அதன் வரைபடத்தில் பார்க்கலாம் என்று வைத்திருந்தார்கள். நெதர்லாந்துப் பத்திரிகையாளர்களும், பெல்லிங்கேட் என்ற புலனாய்வுக் குழுவினரும் அதை ஆராய்ந்தார்கள்.

அவர்கள் கையாண்ட யுக்தி மிக எளியது. ராணுவ முகாமுக்குள் ஓடியவர் ஒருவரை வரைபடத்தில் பிடித்துக் கொண்டார்கள். அதே ஆள் வேறு எங்கெல்லாம் ஓடியிருக்கிறார் என்று பார்த்தார்கள். ஏதோ ஒரு குடியிருப்புத் தெருவில், ஏதோ ஒரு வாசலில், அவருடைய ஓட்டங்கள் அடிக்கடி தொடங்கின; அங்கேயே முடிந்தன. அது யார் வீடு என்று சொல்லவும் வேண்டுமா?

இப்படி 6,460 பேரை அவர்கள் கண்டுபிடித்தார்கள். 69 நாடுகளைச் சேர்ந்தவர்கள்! ராணுவத்தினரும் உளவு இலாகாவினரும் அதில் உண்டு. செய்தி வெளியானதும் போலார் கம்பெனி அந்த வரைபட வசதியை நிறுத்தி வைத்தது.

மெய்க்காவலர் ஓடினார்; தலைவர் இருக்கும் இடம் தெரிந்தது

இவ்வளவு நடந்த பிறகு உலகம் பாடம் கற்றுக் கொண்டிருக்க வேண்டும் அல்லவா? இல்லை.

2024 அக்டோபரில் பிரான்சின் "லெ மோந்த்" பத்திரிகை ஒரு செய்தியை வெளியிட்டது. அமெரிக்க ஜனாதிபதி, பிரெஞ்சு ஜனாதிபதி, ரஷ்ய ஜனாதிபதி ஆகியோருக்குக் காவலாகச் செல்லும் மெய்க்காவலர்களில் சிலர் தங்கள் ஓட்டத்தை ஸ்ட்ராவாவில் எல்லோருக்கும் தெரியும்படி போட்டு வந்தார்கள் என்பதே அந்தச் செய்தி. தலைவர் எந்த ஊருக்குப் போகிறாரோ, அந்த ஊருக்கு மெய்க்காவலர் முன்கூட்டியே போகிறார். எந்த ஓட்டலில் தலைவர் தங்கப் போகிறாரோ, அந்த ஓட்டலிலிருந்து மெய்க்காவலர் காலையில் ஓடக் கிளம்புகிறார். ஓட்டத்தின் முதல் புள்ளியே ஓட்டலின் விலாசம்! யானை வரும் பின்னே, மணியோசை வரும் முன்னே என்பது இதுதான்.

2025 ஜனவரியில் அதே பத்திரிகை இன்னொன்றையும் எழுதியது. பிரான்சின் அணு ஆயுத நீர்மூழ்கிக் கப்பல்கள் ப்ரெஸ்ட் நகரத்துக்கு அருகே ஒரு தளத்தில் நிற்கின்றன. அங்கே காவல் பலமானது. ஆனால் அங்கே வேலை பார்க்கும் மாலுமிகள் தளத்துக்குள்ளேயே ஓடினார்கள். ஓடியதை ஊருக்குச் சொன்னார்கள். பல வாரம் ஒருவருடைய ஓட்டம் எதுவுமே பதிவாகாமல் இருந்து, பிறகு திடீரென்று தொடங்கினால் என்ன பொருள்? அவர் கடலுக்கடியில் போய்த் திரும்பி வந்திருக்கிறார் என்று பொருள். ஓடியது மட்டுமல்ல, ஓடாததும் காட்டிக் கொடுத்தது!

அதே ஆண்டு ஜூலையில் ஸ்வீடனில் பிரதம மந்திரியின் மெய்க்காவலர்கள் சிலர் இப்படியே செய்து வந்தது அந்த நாட்டுப் பத்திரிகையில் வெளியாயிற்று. பிரதமரின் சொந்த வீடு உள்ள இடமும் அதனால் தெரிந்துவிட்டது. ஸ்ட்ராவா என்ற சொல்லைத் தந்த நாட்டுக்கே இந்தக் கதி.

ரஷ்யாவில் நடந்தது இன்னும் கொடுமை. 2023 ஜூலை 10-ந் தேதி காலையில், கிராஸ்னதார் நகரப் பூங்காவில் ஓடிக் கொண்டிருந்த ஒருவர் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் ஸ்தனிஸ்லாவ் ரிஷித்ஸ்கி, நீர்மூழ்கிக் கப்பலின் தளபதியாக இருந்தவர். வழக்கமாக ஓடும் பாதையை அவர் ஸ்ட்ராவாவில் எல்லோரும் பார்க்கும்படி விட்டு வைத்திருந்ததைப் பத்திரிகைகள் சுட்டிக் காட்டின. கொலையாளி அதைப் பார்த்துத்தான் வந்தான் என்று சொல்ல வேண்டிய அவசியம்கூட இல்லை. பார்க்க நினைத்தவன் எவனுக்கும் அது திறந்து கிடந்தது. அதுவே போதும்.

சாமானியருக்கு என்ன வந்தது?

"இதெல்லாம் தளபதிக்கும் ஜனாதிபதிக்கும் வருகிற வம்பு. தினமும் அரை மணி நேரம் நடக்கிறவருக்கு என்ன பயம்?" என்று கேட்கலாம்.

தளபதிக்கு விரோதி தூரத்து நாட்டில் இருக்கிறான். சாமானியருக்கு விரோதி பக்கத்துத் தெருவில் இருக்கலாம். வித்தியாசம் அவ்வளவுதான். தளபதிக்குத் துப்பாக்கிக் காவல் உண்டு. சாமானியருக்கு அதுவும் கிடையாது.

பழைய காலத்துத் திருடன் ஒரு வீட்டில் ஆள் இருக்கிறதா, இல்லையா என்று அறிய எவ்வளவு சிரமப்பட்டான்! வாசலில் கோலம் போட்டிருக்கிறதா என்று பார்ப்பான். பத்திரிகை எடுக்காமல் கிடக்கிறதா என்று பார்ப்பான். நாலு நாள் தெருவில் நடந்து நோட்டம் விடுவான். தெருக்காரர்கள் அவனைச் சந்தேகமாகப் பார்ப்பார்கள். இன்றையத் திருடனுக்கு அந்தச் சிரமம் இல்லை. தினமும் 5.30 மணிக்கு ஒருவர் வீட்டைவிட்டுக் கிளம்புகிறார், 6.45-க்குத் திரும்புகிறார் என்பதை அவரே எழுதி வைத்திருக்கிறார். அதையும் வரைபடத்தோடு எழுதி வைத்திருக்கிறார்!

விலை உயர்ந்த சைக்கிள் வைத்திருப்பவர்கள் அந்தச் சைக்கிளின் பெயரையும் படத்தையும் செயலியில் போடுகிறார்கள். சவாரி எந்த வாசலில் முடிந்தது என்பதையும் போடுகிறார்கள். என்ன பொருள், எந்த வீட்டில் என்ற இரண்டு கேள்விக்கும் விடை ஒரே பக்கத்தில்! பிரிட்டனில் போலீசாரே இதைப் பற்றி எச்சரித்திருக்கிறார்கள்.

பெண்களின் நிலைமை இன்னும் கவலைக்குரியது. தனியாக ஓடுகிற பெண், ஆள் இல்லாத பாதை, தினமும் அதே நேரம். இந்த மூன்றும் ஒரு தீயவன் கையில் கிடைத்தால் என்ன ஆகும் என்று விவரிக்க வேண்டியதில்லை. ஸ்ட்ராவாவில் ஒரு வசதி இருந்தது. பாதையில் எதிரே வந்தவர், அருகில் ஓடியவர் யார் என்று பிறகு பார்த்துக் கொள்ளலாம். முன்பின் தெரியாத ஒருவன், வழியில் ஒரு நிமிடம் கண்ட பெண்ணின் பெயரையும் அவள் ஓடிய பாதையையும் தெரிந்து கொள்ள அது வழி செய்தது. ஆட்சேபம் கிளம்பிய பிறகு, 2020-ல் கம்பெனி அதை மாற்றியது. "என்னைக் காட்டலாம்" என்று தாமாகச் சம்மதித்தவர்களை மட்டுமே காட்டுவது என்று முடிவு செய்தது.

இந்த மாற்றம் ஒரு பெரிய உண்மையைச் சொல்கிறது. அதைப் பிறகு பார்ப்போம்.

வட்டம் போட்டு மறைத்தாலும்...

"வீட்டைச் சுற்றி ஒரு வட்டம் போட்டு மறைத்துக் கொள்ளலாமே?" என்பார்கள் விவரம் தெரிந்தவர்கள். ஆம், அப்படி ஒரு வசதி உண்டு. வட்டத்துக்குள் நடந்தது வெளியே தெரியாது.

அந்த வட்டம் எவ்வளவு தூரம் காப்பாற்றும் என்பதை அமெரிக்காவின் இல்லினாய் சர்வகலாசாலை ஆராய்ச்சியாளர்கள் சோதித்துப் பார்த்தார்கள். 2018-ல் முடிவை வெளியிட்டார்கள். ஒரு மாதத்தில் பொதுவில் போடப்பட்ட 2 கோடியே 10 லட்சம் பதிவுகளை எடுத்துக் கொண்டார்கள். சுமார் 30 லட்சம் பேர் போட்டவை அவை. அவர்களில் இந்த வட்டத்தை உபயோகித்தவர்கள் 16.5 சதவீதம் பேர்தான். நூற்றுக்கு 83 பேர் வட்டம்கூடப் போடவில்லை.

போட்டவர்களாவது தப்பினார்களா? ஓரளவு வழக்கமாகப் பயிற்சி செய்கிறவர்களில் 95.1 சதவீதம் பேரின் மறைத்த இடத்தைக் கண்டுபிடித்துவிடலாம் என்று ஆராய்ச்சியில் தெரிந்தது!

இதில் மாயம் ஒன்றும் இல்லை. ஒரு நாள் கிழக்கே போகிறார். பாதை ஒரு இடத்தில் திடீரென்று தொடங்குகிறது. மறுநாள் மேற்கே போகிறார். இன்னொரு இடத்தில் தொடங்குகிறது. மூன்றாம் நாள் தெற்கே. இந்த மூன்று இடமும் வட்டத்தின் விளிம்பு. விளிம்பில் மூன்று புள்ளி கிடைத்தால் வட்டத்தின் நடுப்புள்ளியைக் கண்டுபிடிப்பது பள்ளிக்கூடப் பிள்ளைகள் போடும் கணக்கு. நடுப்புள்ளியில் என்ன இருக்கிறது? வீடு!

கம்பெனி பிறகு சில திருத்தங்கள் செய்திருக்கிறது. எங்கிருந்து கிளம்பினாலும் பாதையின் இரு முனையையும் மறைக்கும் வசதியும், படத்தை அடியோடு மறைக்கும் வசதியும் 2021-ல் வந்தன. வரவேற்க வேண்டியதுதான். ஆனால் அந்த வசதி இருப்பது எத்தனை பேருக்குத் தெரியும்?

பெயரை நீக்கினால் போதுமா?

"பெயரை நீக்கிவிட்டுத்தான் மற்றவர்களுக்குக் கொடுக்கிறோம்" என்பது இடக் குறிப்புகளை விற்கும் கம்பெனிகள் எப்போதும் சொல்லும் சமாதானம்.

2013-ல் விஞ்ஞானிகள் சிலர் 15 லட்சம் பேரின் செல்போன் குறிப்புகளைப் பெயர் இல்லாமல் வாங்கி ஆராய்ந்தார்கள். 15 மாதக் குறிப்புகள் அவை. ஒருவர் எந்த நேரத்தில் எங்கே இருந்தார் என்று நான்கு குறிப்பு கிடைத்தால் போதும்; 95 சதவீதம் பேரைக் கூட்டத்திலிருந்து தனியாகப் பிரித்துவிடலாம் என்று கண்டார்கள்.

யோசித்துப் பார்த்தால் இது ஆச்சரியமே இல்லை. இரவெல்லாம் குறிப்பிட்ட ஒரு வீட்டில் இருந்து, பகலெல்லாம் குறிப்பிட்ட ஒரு பள்ளிக்கூடத்தில் இருந்து, மாலையில் குறிப்பிட்ட ஒரு மைதானத்தைச் சுற்றுகிற ஆள் உலகத்திலேயே ஒருவர்தான். பெயர் எதற்கு? நடமாட்டமே கையெழுத்து!

2018 டிசம்பரில் "நியூயார்க் டைம்ஸ்" பத்திரிகை இதை நேரில் காட்டியது. வியாபாரிகள் கையில் இருந்த, பெயர் இல்லாத இடக் குறிப்புகள் அதற்குக் கிடைத்தன. அவற்றை வைத்துக் கொண்டு ஒரு ஆசிரியை யார் என்று கண்டுபிடித்தது. அவர் பள்ளிக்குப் போனது, டாக்டரிடம் போனது, நாயை அழைத்துக் கொண்டு காட்டுப் பாதையில் நடந்தது எல்லாம் அதில் இருந்தன. அவர் எதையும் ஊருக்குச் சொல்லவில்லை. செல்போனில் இருந்த ஏதோ செயலி அவருக்குத் தெரியாமல் குறித்துக் கொண்டே இருந்தது.

இது எவ்வளவு பெரிய வியாபாரம் என்பதற்கு அமெரிக்க சர்க்காரின் நடவடிக்கையே சாட்சி. 2024 ஜனவரியில் அந்த நாட்டு மத்திய வர்த்தகக் கமிஷன், எக்ஸ்-மோட் என்ற கம்பெனி அந்தரங்கமான இடக் குறிப்புகளை விற்கக் கூடாது என்று தடுத்தது. யார் எந்த ஆஸ்பத்திரிக்குப் போனார், எந்த வழிபாட்டு இடத்துக்குப் போனார் என்பதுகூட அந்தக் குறிப்புகளிலிருந்து தெரிந்துவிடும் என்று கமிஷன் குற்றம் சாட்டியது.

மடியில் கனம்

"மடியில் கனமில்லை என்றால் வழியில் பயமில்லை" என்று ஒரு பழமொழி உண்டு. "என்னிடம் மறைக்க ஒன்றும் இல்லை, பார்க்கிறவன் பார்த்துவிட்டுப் போகட்டும்" என்று சொல்கிறவர்கள் இந்தப் பழமொழியைத்தான் நம்புகிறார்கள்.

அந்தப் பழமொழி பிறந்த காலத்தில் மடி வேறு, வழி வேறு. மடியில் பணம் இருந்தால்தான் கள்ளன் வருவான். இன்று வழியே பணமாகிவிட்டது. எவர் எந்த வழியில் போகிறார் என்பதை விலை கொடுத்து வாங்க வியாபாரி இருக்கிறான். ஒவ்வொரு நடைப் பயணியும் தெரியாமலே மடியில் கனத்தைச் சுமந்து கொண்டுதான் நடக்கிறார். மறைக்க வேண்டிய குற்றம் எதுவும் அவரிடம் இல்லை, உண்மைதான். வீட்டுக் கதவைத் தாழிட்டுத் தூங்குகிறவர்கள் எல்லாம் குற்றவாளிகளா?

இன்னொரு வாதமும் உண்டு. "மலையில் வழி தவறினால் இந்த வசதிதானே உயிரைக் காப்பாற்றுகிறது?" மறுக்கவே முடியாது. தனியாக மலை ஏறுகிறவர் தாம் இருக்கும் இடத்தை வீட்டில் ஒருவருக்குத் தெரிவிப்பது புத்திசாலித்தனம். ஆனால் மனைவிக்குச் சொல்வது வேறு; தண்டோராப் போடுவது வேறு. முதலாவது பாதுகாப்பு. இரண்டாவது அபாயம்.

கதவைத் திறந்து வைத்தது யார்?

இங்கேதான் விஷயத்தின் வேர் இருக்கிறது.

புதிதாகச் செயலியைச் செல்போனில் ஏற்றுகிறவர், ஓடும் ஆசையில் இருக்கிறார். பத்துப் பக்க நிபந்தனையை அவர் படிப்பதில்லை. "சம்மதம்" என்று தட்டிவிட்டு ஓடக் கிளம்புகிறார். அவர் எதையும் மாற்றாவிட்டால் அவர் ஓடும் பாதையை யார் யார் பார்க்கலாம்? பொதுவாக இப்படிப்பட்ட செயலிகளில், "எல்லோரும்" என்றுதான் கம்பெனி முன்கூட்டியே வைத்திருக்கும். மூட வேண்டுமானால் அவர் தேடிப் போய் மூட வேண்டும்.

ஒருவர் புது வீடு வாங்குகிறார். கட்டியவர் எல்லாக் கதவையும் திறந்து வைத்துவிட்டுப் போகிறார். பூட்டு இருக்கிறது, ஆனால் பரணில் எங்கேயோ இருக்கிறது. திருட்டுப் போனால், "பூட்டுத்தான் கொடுத்திருக்கிறோமே, போட்டுக் கொண்டிருக்கலாமே" என்கிறார். இந்த நியாயத்தை எந்த ஊர்ப் பஞ்சாயத்து ஒப்புக் கொள்ளும்?

கதவு மூடியே இருக்க வேண்டும். திறக்க ஆசைப்படுகிறவர் தாமாகத் திறக்கட்டும். இதுதான் நியாயம். இது முடியாத காரியமும் அல்ல. எதிரே வந்தவரைக் காட்டும் வசதியை 2020-ல் கம்பெனி இப்படித்தான் மாற்றியது. அதனால் யாரும் ஓடுவதை நிறுத்திவிடவில்லை. கம்பெனியும் மூழ்கிவிடவில்லை. ஒரு வசதிக்குச் செய்ய முடிந்ததை எல்லாவற்றுக்கும் செய்ய ஏன் முடியாது?

இந்தியாவில் இந்தக் கேள்விக்கு ஒரு தனி முக்கியத்துவம் உண்டு. அந்தரங்கம் ஒவ்வொருவருக்கும் அடிப்படை உரிமை என்று சுப்ரீம் கோர்ட்டின் 9 நீதிபதிகள் 2017 ஆகஸ்ட் 24-ந் தேதி தீர்ப்புச் சொன்னார்கள். 2023-ல் பார்லிமெண்டு தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டத்தை நிறைவேற்றியது. அதன் விதிகள் 2025 நவம்பரில் வெளியாயின. படிப்படியாக அமலுக்கு வரும் ஏற்பாடு அது. சம்மதம் தெளிவாக இருக்க வேண்டும்; கொடுத்த சம்மதத்தைத் திரும்பப் பெறுவதும் கொடுத்தது போலவே எளிதாக இருக்க வேண்டும் என்கிறது சட்டம். நல்ல ஷரத்துக்கள்.

ஆனால் அதே சட்டத்தில் இன்னொரு ஷரத்து இருக்கிறது. ஒருவர் தாமே பொதுவில் வெளியிட்ட தகவலுக்கு இந்தச் சட்டம் பொருந்தாது!

தாமே மேடை ஏறிப் பேசியதைப் பற்றி என்றால் அது சரி. ஆனால் ஓடுகிறவர் ஒருவரின் பாதை பொதுவில் கிடக்கிறது. வெளியிட்டவர் அவரா? கதவைத் திறந்து வைத்துக் கொடுத்த கம்பெனியா? "அவர்தான் வெளியிட்டார்" என்று கம்பெனி சொன்னால், ஓடியவருக்குச் சட்டத்தின் நிழல்கூடக் கிடைக்காது. மூடத் தெரியாதவரைத் திறந்தவர் என்று சொல்வது அநியாயம். ஒருவர் தாமாக, தெரிந்து, "எல்லோரும் பார்க்கலாம்" என்று தேர்ந்தெடுத்தால்தான் அது அவர் வெளியிட்டது ஆகும் என்பதைச் சர்க்கார் சந்தேகத்துக்கு இடமில்லாமல் தெளிவுபடுத்த வேண்டும். எல்லாச் செயலிகளும் மூடிய கதவோடுதான் வர வேண்டும் என்று கட்டளையிட வேண்டும்.

அதுவரை செய்ய வேண்டியது

சட்டம் வரும்வரை கையைக் கட்டிக் கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டியதில்லை. பத்து நிமிட வேலைதான்.

முதலாவதாக, செயலிக்குள் போய், ஓட்டத்தைப் பார்க்கக் கூடியவர்கள் யார் என்ற இடத்தில் "எல்லோரும்" என்பதை மாற்றி, "எனக்கு மட்டும்" அல்லது "நண்பர்கள் மட்டும்" என்று வைக்க வேண்டும். பழைய ஓட்டங்களுக்கும் இதையே செய்ய வேண்டும். பொது வரைபடத்தில் சேர்க்க வேண்டாம் என்று சொல்லும் வசதியும் ஸ்ட்ராவாவில் உண்டு. அதையும் உபயோகித்துக் கொள்ளலாம்.

இரண்டாவதாக, கடிகாரத்தை வாசலில் தட்டிவிடக் கூடாது. நாலு தெரு தள்ளிப் போய்த் தட்டலாம். திரும்பும்போதும் நாலு தெருவுக்கு முன்பே நிறுத்தலாம். அரை மைல் கணக்கில் குறைந்தால் உடம்பு இளைத்துவிடாது!

மூன்றாவதாக, போய்க் கொண்டிருக்கும்போதே படமும் செய்தியும் போடாமல், வீடு திரும்பிய பிறகு போடலாம். செல்போனில் எடுக்கும் படத்துக்குள்ளேயே எடுத்த இடம் பதிந்திருக்கக் கூடும். கேமராவுக்கு இடத்தைச் சொல்லும் வசதியை நிறுத்திவிட்டால் அது பதியாது.

நான்காவதாக, செல்போனில் எந்தெந்தச் செயலி இடத்தைக் கேட்கிறது என்று பார்க்க வேண்டும். சீட்டு விளையாடும் செயலிக்கு, ஆள் எங்கே இருக்கிறார் என்ற விசாரணை எதற்கு? மறுத்துவிடலாம். வானிலை சொல்லும் செயலிக்கு, "உபயோகிக்கும்போது மட்டும்" என்று அனுமதித்தால் போதும்.

கடைசியாக, தனிப் பாதையில் போகிறவர் வீட்டில் ஒருவரிடம் சொல்லிவிட்டுப் போக வேண்டும். எந்த வழி, எப்போது திரும்புவோம் என்ற இரண்டும் அந்த ஒருவருக்குத் தெரிந்தால் போதும். மற்றவர்களுக்குத் தெரிய வேண்டியதில்லை.

விடியற்காலைக் காற்றில் நடப்பது நல்லது. ஓடுவது நல்லது. மலை ஏறுவது, சைக்கிள் ஓட்டுவது எல்லாமே நல்லது. யாரும் எதையும் நிறுத்த வேண்டாம். எத்தனை மைல் ஓடினார் என்று நண்பர்களிடம் பெருமை அடித்துக் கொள்ளட்டும். அதிலும் தவறில்லை.

ஆனால் வீட்டுக்குத் திரும்பும் வழி அவருடையது. அதை யாருக்குச் சொல்வது, யாருக்குச் சொல்லாமல் இருப்பது என்று முடிவு செய்யும் உரிமையும் அவருடையதுதான். அந்த உரிமையைக் கடிகாரக் கம்பெனியிடம் கேட்டு வாங்க வேண்டிய நிலைமை இருக்கக் கூடாது.